சாம்பிளுக்குள் புகுந்த சங்கு

புதிதாகக் கீபோர்டு வாசிக்க வருகிற பிள்ளைகள் என்னைப் பார்த்ததும் கேட்கிற கேள்வி ஒன்றுதான். "அம்மா, நீங்க அசல் சிந்தசைசரே வாசிச்சவங்க. கம்ப்யூட்டர்ல இருக்கிற சாம்பிள் அதுக்கு ஈடாகுமாங்க?" கேட்டுவிட்டுத் தலையைச் சாய்த்துக்கொண்டு நிற்பார்கள். நான் பெருமூச்சு விட்டு, அந்தக் காலம் போச்சு கண்ணு என்று சொல்ல வேண்டுமாம்.

சொல்ல மாட்டேன். அந்த அசலைத் தலையில் சுமந்தவள் நான்.

ஒரு மூட்டைத் தேயிலைக் கொழுந்தின் கனம் இருக்கும் அது. தோட்டத்து ஆட்கள் குடியிருக்கிற வரிசை வீடுகளை லயம் என்போம், ஜீப் போகாத லயத்தில் திருவிழா என்றால் சும்மாடு கட்டித் தலையில்தான் ஏற்ற வேண்டும். கொழுந்து மூட்டையாவது கழுத்துக்கு ஏற்ப வளைந்து கொடுக்கும். இது கொடுக்காது. மூலை மண்டையில் குத்தும், அட்டை காலில் கடிக்கும், மூடுபனியில் முன்னால் போகிறவன் முதுகு தெரியாது. இன்றைக்கு அதே சத்தத்தை ஒரு பென்டிரைவில் போட்டு முந்தானையில் முடிந்துகொள்ளலாம். இதில் அழ என்ன இருக்கிறது, சொல்லுங்கள்.

என் படிப்பு நாலாம் வகுப்பு. சிலோன் தோட்டத்திலிருந்து கப்பலேறி வந்த குடும்பம், இங்கேயும் தோட்டம்தான். பகலில் கொழுந்து, சாயந்திரம் கோயில் பஜனையில் ஆர்மோனியம். யாரும் சொல்லித் தரவில்லை, காதில் விழுந்ததை விரலால் தேடிப் பிடித்தேன். குன்னூரில் ரெக்கார்டிங் ரூம் வைத்திருந்த ஒருவர் அதைக் கேட்டுவிட்டு, என்னைக் கூட்டிப்போய் சிந்தசைசர் முன்னால் உட்கார வைத்தார். அவரை எல்லோரும் ஓனர் என்போம். என்னைவிட இளையவர், என்னை அக்கா என்பார். மெஷின் முழுக்க இங்கிலீஷ் எழுத்து, எனக்கு ஒன்றும் தெரியாது. கடையில் ஒட்டுப் பொட்டு வாங்கி பட்டன்மேல் ஒட்டினேன். சிவப்புப் பொட்டு எக்காளம், பச்சை வயலின், நீலம் புல்லாங்குழல், கறுப்புப் பொட்டைத் தொடவே கூடாது. அப்படியே இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் ஓட்டினேன். படித்தவர்கள் பலபேர் அந்த மெஷினைத் தடவிப் பார்த்துவிட்டு முழித்தார்கள், நான் முழிக்கவில்லை. இதைச் சொல்லிக்கொள்வதில் எனக்கு வெட்கமில்லை.

மெஷினுக்கு ஒரு குணம் உண்டு. குளிர் ஆகாது. சோலூரில் ஒரு கல்யாணம், வெளியே புல்லெல்லாம் உறைபனி. பெண் மேடைக்கு வந்துவிட்டாள், வாசி வாசி என்று அவசரப்படுத்தினார்கள், வாசித்துவிட்டேன். மெஷின் உள்ளே சூடேற ஏற சுருதியும் ஏறிக்கொண்டே போனது. பாடுகிறவர் விடாமல் துரத்தினார். மூன்றாவது பாட்டில் அவர் குதிகால் தரையில் இல்லை. மாப்பிள்ளை வீட்டார் அதை உருக்கம் என்று நினைத்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். அன்றிலிருந்து அரைமணி முன்னாலேயே மெஷினை ஓட விட்டு, மேலே கம்பளி போர்த்தி, பக்கத்தில் வெந்நீர்ப் பை வைத்துவிடுவேன். "புதுப்பொண்ணுக்குக்கூட இந்தக் கவனிப்பு இல்லீங்க" என்று தபலாக்காரர் புகைவார்.

இனி நடந்ததற்கு வருகிறேன்.

ஒருநாள் ஓனர் வந்து என் எதிரில் உட்கார்ந்தார். உட்கார்ந்து பேசுகிற ஆளில்லை அவர்.

"அக்கா, மெஷினைக் குடுத்தர்றேன். பெங்களூர்ல ஒருத்தர் பழைய சிந்தசைசரா சேத்து வெக்கறாருங்க. வர்ற வியாழக்கிழமை நாலு மணிக்கு வந்து எடுத்துக்குவாரு."

"அப்புறம் நான் எதை வாசிக்கறதுங்க?"

அவர் ஜன்னலைப் பார்த்தார். "கம்ப்யூட்டர்ல வாசிக்கணும். அதுக்கு இங்கிலீஷ் படிச்ச ஆளாப் பாக்கணுமுங்க. நீங்க பொட்டு வெச்சு வாசிக்கறவங்க."

என் நாற்காலியைத்தான் கேட்கிறார் என்று புரிந்தது. அந்த நாற்காலியை விட்டால் எனக்கு மறுபடியும் கொழுந்துக் கூடைதான், அதையும் தூக்க அந்த வயசில் முடியாது. கெஞ்ச எனக்கு வராது. "எஸ்டேட் மாரியம்மன் திருவிழா புக் ஆகியிருக்குதுல்லங்க. அதைக் கம்ப்யூட்டர்ல வாசிச்சுக் காட்டறேன். சரியில்லைன்னா நானே எந்திரிச்சுப் போயிர்றேன்" என்றேன்.

"திருவிழாவுல தெரிஞ்சிருமுங்க" என்று எழுந்து போனார்.

சொல்லிவிட்டேனே தவிர, கம்ப்யூட்டரை எந்தப் பக்கம் திறப்பது என்றே தெரியாது. எங்கள் ரூமில் சவுண்ட் பார்க்க ஊட்டியிலிருந்து ஒரு பெண் வந்துகொண்டிருந்தாள். என் வயசில் பாதிகூட இல்லை. இந்த விஷயத்தில் எனக்கு வாத்தியார் அவள்தான். பெயரைப் போடக் கூடாது என்று சொல்லியிருக்கிறாள், போடவில்லை.

"ஒண்ணும் பயப்படாதீங்கம்மா. மெஷின் போகட்டும், சத்தத்தை நாம வெச்சுக்கலாம்" என்றாள். "நீங்க ஒவ்வொரு கட்டையா அழுத்துங்க. அது போடற சத்தத்தை நான் மைக்குல புடிச்சு வெக்கறேன். அப்புறம் இந்தச் சின்ன கீபோர்டுல அதே கட்டையை அழுத்தினா, புடிச்சு வெச்சது கேக்கும். அதுதான் சாம்பிள்."

"டீ பேக்டரியில பொட்டிக்கு ஒரு கைப்பிடி சாம்பிள் எடுத்து ருசி பாப்பாங்களே, அப்படியா?"

"அதேதாங்கம்மா. ஆனா இங்க பொட்டி போயிரும், கைப்பிடி மட்டும்தான் நமக்கு."

வியாழக்கிழமை காலை எட்டு மணிக்கு ஆரம்பித்தோம். அறுபத்தோரு கட்டை, மூன்று பொட்டு. கீழிருந்து மேலாக ஒவ்வொன்றாக அழுத்துவேன், அவள் காதில் ஹெட்போனோடு கை காட்டுவாள், விடுவேன். நடுவில் காக்கை கத்தினால் மறுபடியும். தகரக் கூரையில் தூறல் விழுந்தால் மறுபடியும். நான் தும்மினால் மறுபடியும். பதினொரு மணிக்குச் சிவப்புப் பொட்டு முடிந்தது. சின்ன கீபோர்டில் வாசித்துப் பார்த்தேன். கீழ்க்கட்டைகள் குளிரில் நடுங்குகின்றன, மேல்கட்டைகள் வெயில் காய்கின்றன. இரண்டுக்கும் நடுவில் சுருதி முதுகு வளைந்த கிழவன் மாதிரி நிற்கிறது.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. கம்பளி போர்த்தவில்லை. அந்த மெஷினுக்கு ஆயிரம் தடவை போர்த்தியவள், ஊரெல்லாம் அதைச் சொல்லித் திரிந்தவள், பரபரப்பில் அன்றைக்கு மட்டும் மறந்துவிட்டேன்.

"பரவால்லம்மா. கம்ப்யூட்டர்லயே ஒவ்வொண்ணா இழுத்துச் சுருதி சேத்துக்கலாம்" என்றாள் அவள்.

"இழுத்துச் சேக்கறதா. என் சத்தம் அப்படி ஒண்ணும் கெட்டுப் போகலை. எல்லாத்தையும் அழிச்சிரு. மெஷின் இப்ப சூடா இருக்கு, மறுபடியும் எடுக்கலாம்."

"மூணு மணிநேர வேலைங்கம்மா."

"அழி."

அழித்தாள். இன்றைக்கு உங்களிடம் சொல்கிறேன், அவள் சொன்னதுதான் சரி. இழுத்துச் சேர்த்திருந்தால் யார் காதுக்கும் தெரிந்திருக்காது, என் காதுக்கும்தான். திமிரில் மூன்று மணிநேரத்தைத் தூக்கிப் போட்டேன். அதன் பலன் நாலு மணிக்கு வந்தது.

மறுபடியும் அழுத்த ஆரம்பித்தோம், கை பழகிவிட்டதால் வேகமாகவே. இந்த முறை பச்சை, நீலம் முதலில், சிவப்பு கடைசியில். சோறு உண்ணவில்லை. சிவப்பில் நாற்பதாவது கட்டை வரும்போது வாசலில் ஜீப் வந்து நின்றது. ஐம்பதாவதில் பெங்களூர்க்காரர் உள்ளே வந்து வாட்சைப் பார்த்தார். முதுமலைச் செக்போஸ்ட்டை இருட்டுவதற்குள் தாண்ட வேண்டுமாம், வழியில் யானை நிற்குமாம். "இன்னும் பத்துக் கட்டைதானுங்க, யானையைக் கொஞ்சம் நிக்கச் சொல்லுங்க" என்றேன். அவருக்குத் தமிழ் அவ்வளவு பிடிபடவில்லை, தலையாட்டினார்.

அறுபத்தோராவது கட்டை. உச்சிக் கட்டை. அழுத்தினேன். அழுத்திய அதே நொடியில், எதிர்ச் சரிவில் இருந்த டீ பேக்டரியில் நாலு மணிச் சங்கு ஊதியது.

நான் கட்டையை விடவில்லை. சங்கும் விடவில்லை. இரண்டுபேரும் ஒரே மூச்சாக நின்றோம். சங்கு அடங்கட்டும், இன்னொரு தடவை எடுக்கலாம் என்று அவள் கையைத் தூக்குவதற்குள் பெங்களூர்க்காரர் ஒயரைப் பிடுங்கிவிட்டார்.

ஜீப் போன பிறகு அதைக் கேட்டுப் பார்த்தோம். ரூமில் இருந்த சின்ன ஸ்பீக்கரில் என் எக்காளம்தான் பெரிதாக இருந்தது. சங்கு எங்கோ தூரத்தில் எறும்பு மாதிரி.

"பக்கத்துக் கட்டையோட சத்தத்தைக் கொஞ்சம் மேல தூக்கி இங்க வெச்சரலாங்கம்மா. ஒரு நிமிஷ வேலை."

"ஒவ்வொரு கட்டைக்கும் அதோட சொந்தக் குரல் வேணும். இரவல் வேண்டாம்."

"அப்ப அந்தக் கட்டையைத் தொட மாட்டேன்னு சொல்லுங்க."

"தொட மாட்டேன்."

"சத்தியமா?"

"மாரியம்மன் சத்தியமா."

கட்டையை எவ்வளவு நேரம் அழுத்திப் பிடித்தாலும் சத்தம் தீராமல் சுற்றிச் சுற்றி வரும்படி ஒவ்வொன்றுக்கும் ஏதோ செய்து வைத்தாள். சின்ன கீபோர்டிலும் எனக்காகப் பொட்டு ஒட்டினாள். உச்சிக் கட்டையில் மட்டும் கறுப்புப் பொட்டு.

திருவிழா வந்தது. குன்னூருக்குக் கீழே ஒரு எஸ்டேட், பெயர் வேண்டாம். மதியம் பூஜை முடிந்து பாட்டுக் கச்சேரி. நல்ல வெயில். மரத்துக்கு மரம் கூம்பு ஸ்பீக்கர் கட்டியிருந்தார்கள். ஓனர் முதல் வரிசையில் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். என் நாற்காலி என்னுடையதா இல்லையா என்பதை அவர் முகம் இன்னும் முடிவு செய்யவில்லை.

முதல் பாட்டு வாசித்தேன். பிள்ளைகளே, என்ன சொல்வேன் அதை. கம்பளி இல்லை, வெந்நீர்ப் பை இல்லை, மேகம் வந்தால் சுருதி போகுமே என்று வானத்தைப் பார்க்கிற வேலை இல்லை. சிவப்பைத் தொட்டால் எக்காளம் அப்படியே வந்து நிற்கிறது, சாமிக்குமுன் நிற்கிற பிள்ளை மாதிரி. இரண்டாவது பாட்டில் பெண்கள் எழுந்து ஆட ஆரம்பித்தார்கள். மூன்றாவதில் மேனேஜர் பங்களாச் சமையல்காரர் துண்டைச் சுற்றினார். ஓனர் கட்டியிருந்த கையை அவிழ்த்துத் தொடையில் தாளம் போட்டார். எனக்குத் தலை கிறுகிறுத்துவிட்டது. அந்தச் சந்தோஷத்தில் வலது கை தானாக மேலே ஏறியது, ஏறிக்கொண்டே போனது, உச்சிக் கட்டையில் போய் உட்கார்ந்தது.

சின்ன ஸ்பீக்கரில் எறும்பாக இருந்தது கூம்பு ஸ்பீக்கரில் யானையாக வந்தது. அந்தக் கூம்புக்கு எக்காளத்தைவிடச் சங்கைத்தான் பிடிக்கும்போல. மரத்துக்கு மரம் ஊதியது. மலை அதைத் திருப்பி ஊதியது.

எஸ்டேட்டில் இருந்தவர்களுக்குத் தெரியும். நேரங்கெட்ட நேரத்தில் சங்கு ஊதினால் பேக்டரியில் தீ. ஒருத்தர் "தீ" என்று கத்திவிட்டார். ஆடிக்கொண்டிருந்தவர்கள் பிள்ளைகளைத் தூக்கினார்கள். ஆண்கள் பேக்டரிக்கு இறங்குகிற கல்படியைப் பார்த்து ஓடினார்கள். இரண்டு பேர் சேர்ந்து இறங்க முடியாத குறுகல் படி அது, பக்கத்தில் பள்ளம்.

"அம்மா, கையை எடுங்க" என்று என் பின்னால் அந்தப் பெண் கிசுகிசுத்தாள்.

கையை எடுத்தால் சங்கு நின்றுவிடும். நின்றால் என்ன நினைப்பார்கள்? தீ உண்மை, சங்கே எரிந்துவிட்டது என்று இன்னும் வேகமாக ஓடுவார்கள். மைக்கில் சொல்லலாம், ஆனால் பாடகர் மைக்கை விட்டுவிட்டு முதல் ஆளாக ஓடிவிட்டார். எனக்கு அந்த நேரத்தில் கையில் இருந்தது ஒரு கட்டைதான். தப்பு செய்த கட்டை. அதை மறைக்கக் கூடாது, எல்லோருக்கும் காட்டிவிட வேண்டும் என்று தோன்றியது.

எடுத்தேன், அழுத்தினேன். எடுத்தேன், இரண்டு தடவை அழுத்தினேன். பாட்டின் தாளத்திலேயே. ஊ... ஊ ஊ... ஊ... ஊ ஊ. தீச்சங்கு தாளம் போடாதே. தப்பு மேளம் அடிக்கிறவர் ஒரு நொடி என்னைப் பார்த்தார், புரிந்துகொண்டார், கூடவே அடித்தார். தபலாக்காரரும் சேர்ந்தார்.

கல்படியில் மூன்றாவது படியில் நின்ற ஒரு பெண் முதலில் திரும்பினாள். கூம்பைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

"ஏய், நில்லுங்க. சங்கு பாட்டுக்கில்ல ஊதுது."

"நம்ம சங்குதான் மோட்டாரு எரிஞ்சு ஆறு மாசமாச் செத்துக் கிடக்குதே?" என்றது ஒரு குரல்.

"செத்தது ஆட வந்திருக்கு பாரு, திருவிழான்னதும்."

சிரிப்பு படியிலிருந்து ஏறி வந்தது. ஓடினவர்கள் எல்லோரும் சங்குக்கு ஆடிக்கொண்டே திரும்பி வந்தார்கள். ஒருவர் காலும் பிசகவில்லை. பாடகர் கடைசியாக வந்தார், ஒன்றும் நடக்காதது மாதிரி மைக்கைத் துடைத்தார்.

பாட்டு முடிந்ததும் மேனேஜர் துரை மேடைக்கு வந்தார். முகம் சிவந்திருந்தது. ஓனர் குறுக்கே ஓடிவந்தார். "சார், கம்ப்யூட்டர் கோளாறுங்க. புதுசு, இப்படித்தான்..."

அந்த இடத்தில் நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். கம்ப்யூட்டருக்கு ரோஷம் கிடையாது, எவ்வளவு பழி போட்டாலும் வாங்கிக்கொள்ளும். ஆனால் கோளாறு என்று அன்றைக்கு விட்டிருந்தால், நாளைக்கு அந்த சாம்பிளை யாரும் நம்ப மாட்டார்கள். அதை ராப்பகலாகச் செய்து கொடுத்த பெண்ணையும் நம்ப மாட்டார்கள். நாற்காலி போனால் போகட்டும் என்று எழுந்தேன்.

"கோளாறு இல்லீங்க துரை. சங்கு உள்ள இருக்கறது தெரியும். தொடாதீங்கன்னு இந்தப் பொண்ணு சொன்னா. நான்தான் தொட்டேன்."

துரை என்னைப் பார்த்தார், கீபோர்டைப் பார்த்தார். "இது எந்த பேக்டரிச் சங்கு?"

சொன்னேன்.

"நல்லாக் கேக்குதே. எங்க சங்குக்குப் புது மோட்டார் கேட்டு எழுதி எழுதிக் கை ஓஞ்சு போச்சு. காலையில பெரட்டுக்கு, பேர் கூப்பிடற நேரத்துக்கு, ஆள் வரணும்னா லயம் லயமாத் தகரம் தட்ட ஒருத்தனை அனுப்பறேன். அவனே லேட்டா வர்றான். இதைக் கொஞ்சம் எங்களுக்குக் குடுக்க முடியுமா?"

அந்தப் பெண்தான் பதில் சொன்னாள். "தரலாங்க சார். ஆனா சங்கை மட்டும் தனியாப் பிரிக்க முடியாது. அம்மாவோட எக்காளமும் கூடவே வரும்."

துரை கூம்பு ஸ்பீக்கரை அண்ணாந்து பார்த்தார். "வரட்டும்" என்றார்.

புது மோட்டார் வரும்வரை அந்த எஸ்டேட்டில் காலை ஏழு மணிக்குக் கூம்பு ஸ்பீக்கரில் ஊதியது என் உச்சிக் கட்டைதான். கொழுந்துக்காரிகள் சந்தையில் என்னைப் பார்த்தால் விட மாட்டார்கள். "உன்னாலதான்டி பல்லு வெளக்கக்கூட நேரமில்லாம ஓடறோம், நீ மட்டும் நல்லாத் தூங்கு." நான் முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டு நடப்பேன். எத்தனை வாசிப்புக்காரருக்கு இப்படிக் கிடைக்கும்?

சாம்பிள் என்பது இவ்வளவுதான் பிள்ளைகளே. யாரோ ஒருவர் ஒருநாள் உட்கார்ந்து அழுத்தியது. அன்றைய குளிர், அன்றைய அவசரம், அன்றைய திமிர் எல்லாம் உள்ளே இருக்கும். நீங்கள் விலை கொடுத்து வாங்குகிறதிலும் இருக்கும். மேடை ஏறுவதற்கு முன்னால் ஒவ்வொரு கட்டையையும் பெரிய ஸ்பீக்கரில் கேட்டுவிடுங்கள். கேட்காமல் ஏறிவிட்டீர்களா, தப்பாக வந்தால் கையை இழுத்துக்கொள்ளாதீர்கள். இன்னொரு தடவை அழுத்துங்கள், தாளத்தில்.

அன்றைக்குக் கச்சேரி முடிந்ததும் ஓனர் ஒயரை எண்ணி எண்ணிச் சாமான் ஏற்றினார். குன்னூர் பஸ் ஸ்டாண்டில் இறக்கிவிட்டார்கள். நான் நடக்க ஆரம்பித்ததும் பின்னாலிருந்து கூப்பிட்டார்.

"ஏனுங்க அக்கா, பையை விட்டுட்டுப் போறீங்க."

திரும்பிப் பார்த்தேன். லேப்டாப்பும் சின்ன கீபோர்டும் இருந்த பையை நீட்டிக்கொண்டு நின்றார். பழைய மெஷினை அவர் கண்ணில் படாமல் வாசல் தாண்ட விட்டதில்லை, இத்தனை வருஷத்தில் ஒருநாளும்.

"ஊட்டுக்கு எடுத்துட்டுப் போய்ப் பழகுங்க. ஞாயித்துக்கிழமை ரிசப்ஷன் இருக்குது. அந்தக் கறுப்புப் பொட்டுக் கட்டையையும் கேட்டிருக்காங்க."

ஊட்டி பஸ்ஸில் ஜன்னலோரம் கிடைத்தது. பையைத் திறந்து மடியில் வைத்தேன். அந்தப் பெண் சொல்லிக்கொடுத்தபடி காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, சிவப்பைத் தொட்டேன். ஒரு பாட்டு வாசித்தேன். இன்னொன்று வாசித்தேன். பஸ் வளைவில் சாய்ந்தால் நானும் சாய்ந்து வாசித்தேன். பக்கத்தில் இருந்த அம்மாள் கேரட் மூட்டையை நகர்த்தி என் முழங்கைக்கு இடம் விட்டாள்.

நான் இறங்க வேண்டியது கேத்தியில். யாரோ தோளைத் தொட்டபோது பஸ் காலியாக இருந்தது. கண்டக்டர் நின்றுகொண்டிருந்தார், வெளியே ஊட்டி பஸ் ஸ்டாண்ட் விளக்குகள்.

"அம்மா, கடைசி ஸ்டாப்புங்க. எறங்கலீங்களா?"

"இந்த ஒரு பாட்டு முடியட்டுங்க" என்றேன்.

அவர் எதிர் சீட்டில் உட்கார்ந்துகொண்டார்.